எல்லைக்கல் வரைக்கும்

நீங்களும் பெரியாஸ்பத்திரிக்குத்தானா சார்? கையில் எக்ஸ்ரே கவரைப் பார்த்ததும் நினைத்தேன். யார் படுத்திருக்கிறார்கள்? அம்மாவா. வயசானவர்களுக்கு எலும்பு அப்படித்தான், பாத்ரூமில் வழுக்கினால் போதும். சரியாகிவிடும், கவலைப்படாதீர்கள். எனக்கு மாப்பிள்ளை. என் தங்கச்சி மீனாளுடைய வீட்டுக்காரன், சாத்தையா என்று பேர். அவனுக்கு இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லை. இனிமேல் வராது என்று சொல்லிவிட்டார்கள்.

கிணற்றில் விழுந்துவிட்டான். போலீஸ்காரர் வந்து கேட்டபோது அவனே வாயால் சொன்னதுதான்: கால் தவறி விழுந்தேன், யார் மேலும் குற்றம் இல்லை. பக்கத்துக் கட்டில்காரன்கூடக் கேட்டுக்கொண்டிருந்தான். விழுந்தவனே யார் மேலும் குற்றம் இல்லை என்று சொன்ன பிறகு, என் கூடப்பிறந்தவள் என் முகத்தைப் பார்க்கமாட்டேன் என்கிறாள் சார். வார்டு வாசலில் நிற்கிறேன், என்னைத் தாண்டித் தண்ணீர் பிடிக்கப் போகிறாள். ஏதோ தூண் நிற்கிறது என்கிற மாதிரி. எனக்கு நியாயம் புரியவில்லை. நீங்கள் படித்தவர் மாதிரி இருக்கிறீர்கள். கேட்டுவிட்டு நீங்களே சொல்லுங்கள். மதுரை வருவதற்கு இன்னும் நேரம் இருக்கிறது.

எங்கள் ஊர் ஒத்தக்கரடு. கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். ஊருக்குப் பின்னால் ஒரு கரடு, சின்னப் பாறைக்குன்று, அதைச் சுற்றிப் புதர்க்காடு, அவ்வளவுதான் ஊர். மாசியில் சாமிக்குப் படையல் போட்ட மறுநாள் பாரிவேட்டை. வீட்டுக்கு ஒரு ஆண்பிள்ளை, கம்பும் நாயுமாகக் காட்டில் இறங்கவேண்டும். கிடைத்த முயலையெல்லாம் கோயில் முன்னால் கொண்டுவந்து போட்டுக் கூறு வைப்போம். எல்லாருக்கும் சமக்கூறு. ஓடின நாய்க்கு ஒரு கூறு. பிள்ளைத்தாய்ச்சி இருக்கிற வீட்டுக்கு வயிற்றுப் பிள்ளைக்கும் சேர்த்து ஒரு கூறு கூடுதல். எந்த ஊரில் சார் பிறக்காத பிள்ளைக்குப் பங்கு வைக்கிறார்கள்? இதைப் போய்க் கொடுமை என்கிறார்கள்.

அதற்கு முறை இருக்கிறது. படுத்திருக்கிற முயலை அடிக்கக்கூடாது. புதருக்குள் அசையாமல் படுத்திருக்கும், கையால் அள்ளிவிடலாம். அள்ளக்கூடாது. கம்பால் தட்டிக் கிளப்பிவிட்டு, "ஓடுதேய்" என்று ஒரு சத்தம் கொடுத்து, ஓடவிட்டுத்தான் அடிக்கவேண்டும். அதுவும் பிழைத்துப் போவதற்கு வழி விடவேண்டும் இல்லையா? சத்தம் கொடுக்கிறது முன்னால் நடக்கிறவனுடைய வேலை. எங்கள் ஊரில் முன்னால் நடக்கிறவன் நான்தான். எனக்கு முன்னால் எங்கள் சித்தப்பா. என் பேர் சேவுகன். சேவுகன் நடந்தால் புழுக்கையைப் பார்த்தே முயல் எந்தப் பக்கம் திரும்பியது என்று சொல்லிவிடுவான் என்பார்கள். பெருமைக்குச் சொல்லவில்லை, சொல்வார்கள், அவ்வளவுதான்.

பாரஸ்டுக்காரர்கள் வருஷா வருஷம் கூடாது என்று நோட்டீஸ் ஒட்டுவார்கள். நாங்கள் வருஷா வருஷம் இடத்தை மாற்றுவோம். இந்த வருஷம் நரிப்பள்ளத்து ஓடை என்று முடிவானது. வெளியில் மூச்சு விடக்கூடாது என்று ஆண்டிச்சாமி அண்ணன் கோயிலில் சூடத்தை அணைத்துச் சொன்னார். அவர்தான் எங்களுக்கு எல்லாம். மாந்தோப்பு, டிராக்டர், கோயில் சாவி, எல்லாம் அவரிடம்தான். நானும் சூடத்தில் கை வைத்தேன்.

அந்தச் சமயத்தில்தான் திருப்பூரில் இருக்கிற என் மகள் எனக்கு டச் போன் வாங்கி அனுப்பியிருந்தாள். ஸ்டேட்டஸ் வைக்கக் கற்றுக்கொண்டேன். வேட்டைக்கு முதல் நாள் சாயங்காலம் ஓடையைப் பார்த்துவரப் போனேன். செவலை கூட வந்தது, என் நாய். வெயில் இறங்கி, ஓடை மணலெல்லாம் செக்கச் செவேல் என்று இருந்தது. ஒரு வீடியோ எடுத்தேன். "விடியட்டும், இந்த நரிப்பள்ளத்துல எங்க செவலை ஆடப்போற ஆட்டத்தைப் பாருங்கடா" என்று பேசி ஸ்டேட்டஸில் போட்டேன். திருப்பூருக்கு வேலைக்குப் போன நம்ம பையன்கள் பார்க்கத்தானே சார், ஊரில் டச் போன் வைத்திருக்கிறவர்கள் ரொம்பக் குறைவு. போனில் எல்லார் நம்பரும் இருக்கும், சிலிண்டர் போடுகிறவர், மாட்டு டாக்டர், எங்கள் பாரஸ்டு வாட்சர்கூட. காட்டில் தீப்பிடித்தால் கூப்பிடச் சொல்லி அவரே கொடுத்த நம்பர். அவர்களெல்லாம் உட்கார்ந்து என் ஸ்டேட்டஸைப் பார்த்துக்கொண்டா இருக்கப்போகிறார்கள்?

மறுநாள் நாங்கள் ஓடையில் இறங்குகிறோம், எதிர்க்கரையில் ஜீப்பு நிற்கிறது. எங்களுக்கு முன்னாலேயே வந்து உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருக்கிறார்கள். பிளாஸ்க்கில் கொண்டுவந்திருக்கிறார்கள் சார். வலை, கம்பு எல்லாவற்றையும் பிடுங்கி ஜீப்பில் போட்டார்கள். ஆண்டிச்சாமி அண்ணனைச் சட்டையைப் பிடித்து இழுத்து ஏற்றினார்கள். ஊரே பார்க்கிறது. அவர் வேட்டி அவிழ்ந்துபோனது, கட்டக்கூட விடவில்லை. அபராதம் எல்லாம் பெரிசில்லை, அந்த வேட்டி அவிழ்ந்ததுதான் பெரிசு.

அபராதம் கட்டி அண்ணன் திரும்பி வந்ததும் கோயில் முன்னால் கூடினோம்.

"இடம் தெரிஞ்சு வந்து உக்காந்திருக்கானுங்க. நம்மள்ல எவனோ வாயைத் திறந்திருக்கான்" என்றார் அண்ணன்.

எல்லார் கண்ணும் சாத்தையா மேல்தான் போனது. காரணம் இருந்தது. அவன் மூன்று வருஷமாக வேட்டைக்கு வருவதில்லை. அதற்கு முந்தின வருஷம் ஒரு பெட்டை முயலைக் கீறினான், வயிற்றுக்குள் குட்டிகள். மயிர்கூட முளைத்திருந்தது. கத்தியைக் கழுவி வைத்துவிட்டுப் போனவன், மறுபடி தொடவில்லை. சரி, பிடிக்கவில்லையா, வீட்டோடு இரு. இவன் பேசுவான். "மச்சான், கரட்டுல இப்ப முயலை விட ஆளுதான் அதிகம். எதை அடிக்கிறதுக்கு இத்தனை பேரு போறீங்க?" என்று டீக்கடையில் வைத்துக் கேட்பான். போன மாதம் வாட்சரோடு உட்கார்ந்து வடை தின்றதை நாலு பேர் பார்த்திருக்கிறார்கள்.

"நான் சொல்லலை. சொல்றவனா இருந்தா மூணு வருஷத்துக்கு முந்தியே சொல்லியிருப்பேன்" என்றான்.

"பாத்துக்கங்கப்பா. மூணு வருஷமா மனசுல வச்சிருந்திருக்கான்" என்றார் அண்ணன். எல்லாரும் சிரித்தார்கள். அவனுக்குப் பேசத் தெரியாது சார். இல்லை என்பதோடு நிறுத்தியிருக்கலாம்.

"அப்ப யாரு சொன்னது? உனக்குத் தெரியுமா?"

அவன் தலையைத் தூக்கி எல்லாரையும் பார்த்தான். என்னையும் பார்த்தான். கொஞ்ச நேரம் பார்த்தான். அப்புறம் தலையைக் குனிந்துகொண்டு, "எனக்குத் தெரியாது" என்றான்.

தெரியாது என்றால் முடிந்தது. எங்கள் ஊரில் முயலோட்டம் என்று ஒன்று உண்டு. வேட்டையைக் காட்டிக்கொடுத்தவன் கோயிலிலிருந்து எல்லைக்கல் வரைக்கும் காட்டுக்குள்ளே ஓடவேண்டும். ஒரு பீடி பிடித்து முடிக்கிற நேரம் முன்னால் விடுவோம். அப்புறம் ஊர் துரத்தும். கல்லைத் தொட்டுவிட்டால் சாமியே மன்னித்த மாதிரி, யாரும் வாய் பேசக்கூடாது. நடுவில் பிடிபட்டால் குடும்பத்தோடு ஊரை விட்டுப் போகவேண்டும். அடிக்கிறதெல்லாம் கிடையாது, கையால் தொட்டால் போதும். ஒரு விளையாட்டு மாதிரிதான் என்று வைத்துக்கொள்ளுங்களேன். எங்கள் தாத்தா காலத்தில் நடந்ததாகச் சொல்வார்கள். பார்த்தவர்கள் யாரும் இப்போது உயிரோடு இல்லை. ஆண்டிச்சாமி அண்ணன்தான் ஞாபகமாக எடுத்துச் சொன்னார்.

மீனாள் ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அண்ணே, அவருக்கு முட்டி வீங்கிக் கெடக்கு அண்ணே. படியேறவே முடியலை. நீ ஒரு வார்த்தை சொல்லு. நீ சொன்னா கேப்பாங்க."

நான் எப்படிச் சொல்வது? தங்கச்சிக்காகப் பேசுகிறான் என்பார்கள். பொது என்று வந்துவிட்டால் சொந்தம் பார்க்கக்கூடாது. அவளிடம் அதைத்தான் சொன்னேன். அவள் கையை எடுத்துவிட்டாள்.

அண்ணன் என்னைப் பார்த்து, "சேவுகா, நீதான் முன்னால போகணும். உன் வீட்டு மாப்பிள்ளைன்னு விட்டுட்டோம்னு நாளைக்கு ஒரு பய பேசக்கூடாது" என்றார்.

"அவன் போவானாண்ணே? தங்கச்சி கண்ணைக் கசக்கினா கம்பைப் போட்டுருவான்" என்று பின்னால் ஒருவன் சொன்னான்.

நான் கம்பை எடுத்தேன்.

சாத்தையா சட்டையைக் கழற்றி மீனாளிடம் கொடுத்தான். கிழிந்துபோகும் என்று. பொங்கலுக்கு எடுத்த சட்டை. அப்புறம் நொண்டிக்கொண்டே காட்டுக்குள் இறங்கினான். யாரோ விசில் அடித்தார்கள். நான் பீடியைப் பற்றவைத்தேன். அதை எவ்வளவு மெதுவாக இழுத்தேன் தெரியுமா சார்? அணையப் போகும், ஒரு இழுப்பு, அணையப் போகும், ஒரு இழுப்பு. விரல் சுட்டது. "என்ன சேவுகா, பீடியா சுருட்டா?" என்று கிண்டல் பண்ணினார்கள். அவனுக்காக நான் அவ்வளவு செய்தேன். அதை யாரும் பேசுவதில்லை.

சும்மா சொல்லக்கூடாது, நன்றாகத்தான் போயிருந்தான். மண் பாதையை விட்டுப் பாறை மேலேயே போயிருக்கிறான். ஒரு இடத்தில் வலப்பக்கம் கிளைகளை ஒடித்துப் போட்டுவிட்டு இடப்பக்கம் திரும்பியிருக்கிறான். மற்றவர்கள் வலப்பக்கம் ஓடிவிட்டார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. ஒடிந்த கிளை இந்தப் பக்கம் பார்த்து மடங்கியிருந்தால் ஒடித்தவன் எந்தப் பக்கம் நின்றான் என்று தெரியாதா? அந்த நேரத்தில் சாத்தையா, மாப்பிள்ளை, தங்கச்சி, அதெல்லாம் மனசில் இருக்காது சார். தடம் மட்டும்தான் இருக்கும். இங்கே முட்டி போட்டிருக்கிறான், இங்கே கையை ஊன்றியிருக்கிறான், இங்கே கொஞ்சம் உட்கார்ந்திருக்கிறான். அவ்வளவு தெளிவாக இருந்தது. உங்களுக்கு ஏதாவது வேலை நன்றாகத் தெரியும் இல்லையா, அதில் இறங்கிவிட்டால் அப்படித்தானே இருக்கும்?

ஒரு சூரைப் புதருக்கு அடியில் படுத்திருந்தான். உடம்பெல்லாம் முள் கீறி ரத்தம். எல்லைக்கல் அங்கிருந்து பார்த்தால் தெரிகிறது. செவலை எனக்கு முன்னாலேயே போய்விட்டது. குரைக்கவில்லை. வாலை ஆட்டிக்கொண்டு அவன் முகத்தை நக்குகிறது. குட்டியில் அவன் வீட்டில்தானே கஞ்சி குடித்தது. எனக்கு அவமானமாகப் போய்விட்டது.

"மச்சான்" என்றான், மெதுவாக. "கல்லு அந்தா இருக்கு. சித்த நேரம் மூச்சு வாங்கிட்டுப் போயிடறேன்."

"எந்திரி மாப்ள. படுத்திருக்கிறவனை நான் தொட மாட்டேன். எந்திரிச்சு ஓடு" என்றேன். முறையை நான் மீறவில்லை, கவனியுங்கள். ஒரு எட்டு வைத்தால் தொட்டிருப்பேன்.

"முட்டி மடங்க மாட்டேங்குது மச்சான்."

"எந்திரி."

"யாரும் இல்லையே மச்சான். நீ பாக்காத மாதிரி போயிரேன்."

"பாத்துட்டனே மாப்ள" என்றேன்.

வேறு என்ன சொல்வது? பார்த்துவிட்டேனே. பார்த்ததைப் பார்க்கவில்லை என்று போனால் அப்புறம் நான் எதற்கு முன்னால் நடக்கிறேன்? கம்பால் புதரைத் தட்டினேன். அவன் கையை ஊன்றி எழுந்திருக்கத்தான் ஆரம்பித்தான், அதற்குள் எனக்கு வாயில் வந்துவிட்டது. "ஓடுதேய்!" நானாகச் சொல்லவில்லை சார். சின்ன வயசிலிருந்து கத்திக் கத்திப் பழகின தொண்டை. புதர் அசைந்தால் அதுவாக வரும். தும்மல் மாதிரி.

வலப்பக்கம் போனவர்கள் எல்லாரும் அந்தச் சத்தத்துக்குத் திரும்பிவிட்டார்கள். கல்லுக்கும் அவனுக்கும் நடுவில் வந்துவிட்டார்கள். அவன் கல்லை விட்டுவிட்டு மேற்கே திரும்பி ஓடினான். மேற்கே ஒரு பாழுங்கிணறு. சுற்றுச்சுவர் கிடையாது, கோவைக்கொடி மூடிக் கிடக்கும். அது அங்கே இருப்பது எனக்குத் தெரியும், அவனுக்கும் தெரியும். ஓடுகிறவனுக்கு எதுவும் தெரியாது. "மாப்ள, கெணறு!" என்று கத்தினேன். என் சத்தத்தைக் கேட்டு இன்னும் வேகமாகத்தான் ஓடினான்.

கிணற்றில் தண்ணீர் இல்லை.

எல்லாரும் சுற்றி நின்று எட்டிப் பார்த்தோம். கீழே அவன் கண்ணைத் திறந்துதான் வைத்திருந்தான். ஆண்டிச்சாமி அண்ணன் மூச்சு வாங்கிக்கொண்டு வந்து சேர்ந்தார். வந்ததும் கேட்டார்: "கல்லைத் தொட்டானா, இல்லையா?"

இல்லை என்றார்கள். கிணறு எல்லைக்கு உள்ளே இருக்கிறதா வெளியே இருக்கிறதா என்று கொஞ்ச நேரம் பேச்சு நடந்தது. உள்ளேதான் என்று முடிவானது. அப்புறம்தான் கயிறு கொண்டுவர ஆள் போனார்கள். போலீசில் என்ன சொல்லவேண்டும் என்பதை ஆம்புலன்ஸ் வருவதற்குள் அண்ணன் எல்லாருக்கும் சொல்லிக்கொடுத்துவிட்டார். சாத்தையாவுக்கு மட்டும் யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. அவனாகவே அதையே சொன்னான்.

இப்போது அவர்கள் வீட்டைச் சாமான்களோடு ஊர் பூட்டி வைத்திருக்கிறது. வாசலில் முள்ளை இழுத்துப் போட்டிருக்கிறார்கள். ஆஸ்பத்திரியில் அவனை இன்னும் எத்தனை நாள் வைத்திருப்பார்கள்? அனுப்பிவிட்டால் மீனாள் அவனைத் தூக்கிக்கொண்டு எங்கே போவாள்? அவளுக்கு வேறு வீடு கிடையாது. என் வீட்டுக்கு வா என்று கூப்பிடலாம் என்றால், சேர்த்துக்கொள்கிறவனுக்கும் அதே முள்தான்.

அப்புறம் ஒருநாள் வாட்சர் வந்தார். டீக்கடைக்குப் பின்னால் கூப்பிட்டுக்கொண்டு போய் அவர் போனைக் காட்டினார். என் ஸ்டேட்டஸ். அழிவதற்கு முன்னால் அந்த வீடியோவை அப்படியே எடுத்து வைத்திருக்கிறார். "சேவுகா, உன் புண்ணியத்துல எங்க ரேஞ்சருக்கு நல்ல பேரு" என்று சிரிக்கிறார்.

"அது என் குரல் இல்லை சார்" என்றேன்.

"நாய் உன் நாய்தானே?"

"செவலை நாய் ஊர்ல நிறைய இருக்கு."

ஏன் சார் அப்படிப் பார்க்கிறீர்கள்? இந்தக் காலத்தில் யார் குரலில் வேண்டுமானாலும் மெஷின் பேசுகிறது என்கிறார்கள். சரி, என் குரல் என்றே வைத்துக்கொள்வோம். நான் அவருக்கா போட்டேன்? ஒருவன் தன் வீட்டு வாசலில் நின்று பேசினதை ரோட்டில் போகிறவன் ஒட்டுக்கேட்டால் தப்பு யார் மேல்?

நான் அதை யாரிடமும் சொல்லவில்லை. சொல்லி என்ன ஆகப்போகிறது? இடுப்பு சரியாகிவிடுமா?

போன வாரம் மீனாளாகவே பேசினாள். அத்தனை நாளைக்குப் பிறகு. வார்டுக்கு வெளியே வராண்டாவில் நிற்கிறேன், வந்து எதிரில் நின்றாள். சத்தமே போடவில்லை.

"அவரு முதல் நாள் ராத்திரியே உன் ஸ்டேட்டஸைப் பாத்துட்டாரு அண்ணே" என்றாள். "உங்கண்ணன் இப்படிக் கூத்தடிச்சிருக்கான் பாருன்னு எங்கிட்டக் காட்டிச் சிரிச்சாரு. கோயில்ல ஊரே கேட்டப்ப அவருக்குத் தெரியும். அப்ப எனக்கும் தெரியும். நான் வாயைத் திறக்கப் போனேன். அவரு என்னைப் பாத்துத் தலையை ஆட்டிட்டாரு."

அவளே தொடர்ந்தாள்.

"நீ ஊர்ல போய்ச் சொல்லு. எங்க வீட்டுக்காரர் இல்லைன்னு சொல்லு. நாங்க வீட்டுக்குத் திரும்பணும். எனக்கு வேற ஒண்ணும் வேண்டாம். அதைச் சொல்லிட்டு வா, அப்புறம் நான் உனக்குத் தங்கச்சி."

சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

யார் அவனை வாயை மூடிக்கொண்டு இருக்கச் சொன்னது சார்? நான் கேட்டேனா? என்னைக் காப்பாற்று என்று ஒரு வார்த்தை கேட்டேனா? அவனாகவே தலையைக் குனிந்துகொண்டான், அவனாகவே ஓடினான், இன்றைக்கு என் தலையில் கொண்டுவந்து வைக்கிறார்கள். சாத்தையா இல்லை என்று நான் போய்ச் சொன்னால் அண்ணன் விட்டுவிடுவாரா? அப்ப யாரு என்பார். யாரு என்றால்?

எல்லாரும் சேர்ந்து என்னை முட்டாள் என்று திட்டிவிட்டு விட்டுவிடுவார்கள் என்று ஒரு நாள் தோன்றுகிறது. மறுநாள் தோன்றுவதில்லை. அந்த வேட்டி அவிழ்ந்ததை நினைத்துக்கொள்கிறேன்.

வாரா வாரம் இந்த பஸ்ஸில் ஏறுகிறேன். நாளைக்குச் சொல்லிவிடுகிறேன் என்று மீனாளிடம் சொல்லலாம் என்றுதான் ஏறுகிறேன். வாசல் வரைக்கும் போவேன். உள்ளே அவன் கட்டில் மூன்றாவது. கதவு திறக்கும்போது கால் மட்டும் தெரியும். அப்படியே திரும்பிவிடுவேன்.

அதோ, ரோட்டோரம் பாருங்கள், அந்தக் கருவேலங்காடு. அடர்த்தியாகத்தான் இருக்கிறது. நீங்கள் பார்த்தால் ஒன்றும் தெரியாது. நான் இப்போதெல்லாம் பஸ்ஸில் வரும்போது பார்த்துக்கொண்டே வருகிறேன். அந்த மேட்டுக்குப் பின்னால் ஒருவன் ஒளியலாமா, அந்தப் பாலத்துக்கு அடியில் ஒருவன் ஒளியலாமா என்று. எதைப் பார்த்தாலும் தெரிந்துவிடும் சார். புல் சாய்ந்திருக்கும், பறவை எழும்பும், மண் ஈரம் காட்டிக்கொடுக்கும். இத்தனை வருஷத்தில் ஒரு இடம்கூட என் கண்ணில் படவில்லை, ஒரு மனுஷன் படுத்திருந்து என்னால் கண்டுபிடிக்க முடியாது என்கிற மாதிரி.